ம. பொ. சிவஞானம்

ம. பொ. சி. எனப் பரவலாக அறியப்படும் மயிலாப்பூர் பொன்னுசாமி சிவஞானம் (ஜூன் 26, 1906 - அக்டோபர் 3, 1995) இந்திய விடுதலைப் போராட்ட வீரரும் தமிழறிஞரும் இதழாசிரியரும் அரசியல் தலைவரும் ஆவார். சிலப்பதிகாரத்தில் கொண்டிருந்த ஈடுபாட்டினால் சிலம்புச் செல்வர் என்று அழைக்கப்பட்டார். தமிழரசுக் கழகத்தை நிறுவி, மொழிவழி மாநிலமாகத் தமிழகம் அமைந்தபோது அதன் எல்லைகளுக்காகப் போராடியவர்களில் முதன்மையானவர். வேங்கட மலையைத் தமிழகத்தின் வடவெல்லையாக மீட்க வேண்டும் என்று இவர் தொடங்கிய இயக்கம் அம்மலையைப் பெற்றுத் தரவில்லை. ஆயினும் அதற்குத் தெற்கே உள்ள தணிகை மலையும் திருத்தணி வட்டத்தின் பெரும்பகுதியும் 1960 ஆம் ஆண்டில் அன்றைய சென்னை மாநிலத்துடன் இணைவதற்கு அவ்வியக்கம் காரணமாயிற்று.

இளமை

சென்னை ஆயிரம் விளக்குப் பகுதியில் உள்ள சால்வன்குப்பம் என்னும் இடத்தில், பொன்னுசாமி கிராமணியார், சிவகாமி அம்மையார் ஆகியோருக்கு மகனாக இவர் பிறந்தார். குடும்பத்தின் வறுமை காரணமாகப் பள்ளிப் படிப்பு மூன்றாம் வகுப்போடு நின்றுபோனது. ஆயினும் தாயார் சொல்லக் கேட்ட கதைகளும் பாடல்களும் இவருக்குத் தமிழார்வத்தை ஊட்டின. தாம் கல்லாதவர் என்பதைப் பின்னாளில் இவர் மறைத்ததில்லை. பட்டம் பெற்ற புலவர்கள் நிறைந்த அவைகளில் இலக்கியச் சொற்பொழிவாளராக இவர் அமர்ந்தது அக்காலத்தில் பலருக்கு வியப்பாக இருந்தது.

சிறுவனாக நெசவுத் தொழிலில் ஈடுபட்ட பிறகு, டாக்டர் பெ. வரதராசுலு நாயுடு நடத்திய தமிழ்நாடு இதழின் அச்சகத்தில் அச்சுக்கோப்பவராகச் சேர்ந்தார். இப்பணி இவருக்கு ஒரு பள்ளியாக அமைந்தது. ஒவ்வோர் எழுத்தாக எடுத்து அடுக்கும் வேலையில், அன்றைய அரசியல் கட்டுரைகள் அனைத்தும் இவரது கைவழியே சென்றன. பிற்காலத்தில் இவர் நடத்திய இதழ்களில் காணப்படும் பிழையற்ற நடைக்கும் சிறு சிறு வாக்கியங்களுக்கும் அச்சகத்துப் பயிற்சியே அடித்தளம் எனக் கருத இடமுண்டு.

கள் இறக்குவதைத் தொழிலாகக் கொண்ட சமூகத்தில் பிறந்த இவர், காந்தியின் மதுவிலக்குக் கொள்கையை ஏற்றுக் கள்ளுக்கு எதிராகப் பரப்புரை செய்தார். தம் சமூகத்தாரின் வருவாயைத் தாமே எதிர்த்ததால் அவர்களுடைய கடும் வெறுப்புக்கு ஆளானார். எனினும் பின்வாங்கவில்லை. தமக்கு நெருக்கமானவர்களைப் பகைத்துக்கொண்டேனும் தாம் கொண்ட கொள்கையில் நிற்கும் இந்த இயல்பு இவரது பிற்கால அரசியலிலும் பலமுறை வெளிப்பட்டது.

விடுதலைப் போராட்டமும் சிறையும்

1920களின் இறுதியில் காங்கிரசுப் பணியில் ஈடுபடத் தொடங்கிய இவர், பலமுறை சிறை சென்றார். அவற்றுள் 1942 ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம் வெள்ளையனே வெளியேறு இயக்கத்தின்போது நேர்ந்த சிறைவாசமே மிகக் கடுமையானது. வேலூர்ச் சிறையிலிருந்து இவரும் வேறு பல தமிழ்நாட்டுத் தலைவர்களும் மத்திய மாகாணத்தில் இருந்த அமராவதிச் சிறைக்குக் கொண்டு செல்லப்பட்டனர். அங்கிருந்த வெப்பமும் உணவும் தமிழ்நாட்டுக் கைதிகள் பலரின் உடல்நலத்தைக் கெடுத்தன. அச்சிறையில் நோயுற்ற சத்தியமூர்த்தி 1943 ஆம் ஆண்டு மார்ச் மாதம் காலமானார். ம. பொ. சி.க்கு ஏற்பட்ட வயிற்று நோய் வாழ்நாள் முழுவதும் இவரை விடவில்லை.

இச்சிறைவாசத்தின்போது சிலப்பதிகாரத்தை இவர் ஊன்றிப் படித்தார். புலவர்கள் அந்நூலைக் காப்பியமாகப் படித்தனர். சமயச் சார்பாளர்கள் அதில் தத்தம் சமயத்தைத் தேடினர். சிறையில் இருந்த அரசியல் தொண்டரான இவரோ அதில் ஒரு நிலப்படத்தைக் கண்டார் எனலாம். சோழ நாட்டில் தொடங்கிப் பாண்டிய நாடு வழியாகச் சேர நாட்டில் முடியும் கதை, மூன்று நாடுகளையும் ஒரே தமிழகமாகக் காட்டுவதாக இவருக்குப் பட்டது. இமயத்திலிருந்து கண்ணகிக்குக் கல் கொண்டுவரும் செங்குட்டுவனின் செயலைத் தமிழரின் ஒற்றுமைக்கு அடையாளமாகக் கொண்டார். அக்காப்பியம் தமிழகத்தின் வடக்கு எல்லையாக ஒரு மலையைப் பெயர் சொல்லிக் குறித்ததே அனைத்தினும் இவரை ஈர்த்தது. அம்மலை வேங்கடம்.

வடவெல்லை மலைகள்

ம. பொ. சி.யின் வாழ்வில் நடுநாயகமாக விளங்கும் எல்லைப் போராட்டத்தைப் புரிந்துகொள்ள அப்பகுதியின் நில அமைப்பை அறிவது உதவும். கிழக்குத் தொடர்ச்சி மலை, மேற்குத் தொடர்ச்சி மலையைப்போல் இடைவிடாது நீளும் அரண் அன்று. ஆறுகளால் அறுக்கப்பட்டுத் துண்டு துண்டாக நிற்பது. அதன் ஒரு பகுதியான சேசாசல மலைத்தொடரின் தென்கிழக்கு முனையில், கடல் மட்டத்திலிருந்து சுமார் 850 மீட்டர் உயரத்தில் திருமலை அமைந்துள்ளது. ஏழுமலை என மக்கள் வழங்கும் இதுவே பழந்தமிழ் நூல்களில் கூறப்படும் வேங்கடம். அதற்குத் தெற்கே நகரி மலைகள் உள்ளன. மூக்குப் போன்ற வடிவம் கொண்ட அவற்றின் முகடு நகரி மூக்கு எனப்படும். வங்கக் கடலில் செல்லும் மாலுமிகளுக்கு அது நெடுங்காலம் கரையடையாளமாக விளங்கியது. நகரி மலைகளுக்கும் தெற்கே சமவெளியில் தனித்தனியே எழும் குன்றுகளில் ஒன்றே தணிகை. அதன் மீது, ஆறுபடை வீடுகளுள் ஐந்தாவதாக எண்ணப்படும் முருகன் கோவில் உள்ளது. ஆண்டின் நாட்களைக் குறிப்பதாகச் சொல்லப்படும் 365 படிகள் அக்கோவிலுக்கு உண்டு. சென்னையிலிருந்து அரக்கோணம், ரேணிகுண்டா வழியாக மும்பை செல்லும் இருப்புப்பாதை இக்குன்றின் அருகே செல்கிறது.

தொல்காப்பியப் பாயிரத்தில் பனம்பாரனார் தமிழ் வழங்கும் நிலத்துக்கு வடக்கே வேங்கடத்தையும் தெற்கே குமரியையும் எல்லையாகக் கூறியுள்ளார். அகநானூற்றில் மாமூலனார் பாடிய பாடல்கள், புல்லி என்னும் தலைவனின் வேங்கடத்தையும் அதற்கு அப்பால் உள்ள வேற்றுமொழி நிலத்தையும் குறிப்பிடுகின்றன. ஆகவே வேங்கடம் எல்லை என்பது ம. பொ. சி. புதிதாகக் கண்டுபிடித்த செய்தி அன்று. புலவர்கள் உரை கூறிவந்த ஒரு வரியைச் சட்டப்படியான ஆட்சி எல்லையாக்க வேண்டும் என்று கேட்டதே இவர் செய்த புதுமையாகும்.

அதில் இருந்த சிக்கலும் சிறிதன்று. பாடல்கள் எழுந்த காலத்துக்கும் இருபதாம் நூற்றாண்டுக்கும் இடையே பல்லவரும் சோழரும் விசயநகர அரசரும் பாளையக்காரரும் இம்மலையடிவாரங்களை ஆண்டிருந்தனர். விசயநகரப் பேரரசின் இறுதிக் காலத் தலைநகரங்களுள் ஒன்றான சந்திரகிரி, வேங்கடத்தின் அடியிலேயே உள்ளது. தெலுங்கும் தமிழும் ஒரே ஊரில், பல வீடுகளில் ஒரே குடும்பத்தில், கலந்து வழங்கின. மலைமுகட்டைக் கொண்டு இரண்டு நாடுகளைப் பிரித்துவிடலாம். ஆனால் மக்கள் முகட்டில் வாழ்வதில்லை, அடிவாரத்தில்தான் வாழ்கின்றனர். 1911 ஆம் ஆண்டில் வட ஆர்க்காடு மாவட்டத்தின் வடபகுதிகளையும் கடப்பை மாவட்டத்தின் சில பகுதிகளையும் சேர்த்துச் சித்தூர் மாவட்டம் உருவாக்கப்பட்டபோது, திருத்தணியும் திருப்பதியும் அதற்குள் அடங்கின. ஒரே சென்னை மாகாணத்தின் ஆட்சி நடந்தவரை இந்த ஏற்பாட்டால் எவருக்கும் பெரும் இடர் நேரவில்லை.

தமிழரசுக் கழகம்

1946 ஆம் ஆண்டு நவம்பர் 21 ஆம் நாள் ம. பொ. சி. தமிழரசுக் கழகத்தைத் தொடங்கினார். இது முதலில் தனிக்கட்சியாக இன்றிக் காங்கிரசுக்குள்ளிருந்தே இயங்கும் பண்பாட்டு, அரசியல் அமைப்பாக இருந்தது. வில், புலி, மீன் ஆகிய மூவேந்தர் சின்னங்களும் அதன் கொடியில் இடம்பெற்றன. மொழிவழியில் தமிழ் மாநிலம் அமைய வேண்டும், அதன் வடவெல்லை வேங்கடமாகவும் தென்னெல்லை குமரியாகவும் இருக்க வேண்டும், ஆட்சியும் கல்வியும் தமிழில் நடைபெற வேண்டும் என்பன அதன் முதன்மையான கோரிக்கைகள்.

அக்காலத்தில் திராவிட நாடு கோரிக்கையை எழுப்பிய திராவிடர் கழகத்தை இவர் கடுமையாக எதிர்த்தார். தெலுங்கரும் மலையாளிகளும் கன்னடரும் சேர்ந்த நாட்டைக் கேட்பவர்கள் அவர்களிடமிருந்து எல்லையை எப்படிக் கேட்பார்கள் என்பது இவரது வாதமாக இருந்தது. மறுபுறம், மொழிவழி மாநிலக் கோரிக்கை நாட்டின் ஒற்றுமையைக் குலைக்கும் என்று எண்ணிய காங்கிரசுத் தலைமையும் இவரைச் சந்தேகத்துடன் பார்த்தது. இவ்வாறு இரண்டு பெரும் இயக்கங்களுக்கும் இடையே நின்றதால் தமிழரசுக் கழகம் தேர்தல் களத்தில் பெரிய அமைப்பாக வளரவில்லை.

நாடு விடுதலை பெற்ற மறுநாளான 1947 ஆகஸ்ட் 16 அன்று இவர் தொண்டர்களுடன் திருப்பதிக்குப் புறப்பட்டார். சென்னையில் விடுதலைக் கொண்டாட்டங்கள் ஓயாதிருந்த வேளையில் நிகழ்ந்த இப்பயணம் பலருக்கும் பொருத்தமற்றதாகத் தோன்றியது. வேங்கடம் தமிழகத்துக்கு உரியது என்று திருப்பதியிலேயே பேச முயன்ற இவர் அங்குக் கடும் எதிர்ப்பைச் சந்திக்க நேர்ந்தது. எல்லைச் சிக்கல் என்று ஒன்று இருப்பதைத் தமிழ்நாட்டு நாளிதழ் வாசகர்கள் பலரும் அறிந்துகொண்டது இந்நிகழ்ச்சிக்குப் பின்னரே.

இம்முயற்சிகளில் இவருக்கு உறுதுணையாக இருந்தவர்களுள் மங்கலங்கிழார் குறிப்பிடத்தக்கவர். அரக்கோணம், திருத்தணி வட்டாரச் சிற்றூர்களில் தமிழாசிரியராகப் பணிபுரிந்து, தமிழ்ப் பள்ளிகளுக்காகவும் தமிழ் வகுப்புகளுக்காகவும் உழைத்தவர் அவர். சென்னையிலிருந்து சென்ற ம. பொ. சி.யின் பேச்சுக்குச் செவிசாய்க்க மலையடிவார ஊர்களில் மக்கள் இருந்தார்கள் என்றால், அதற்கு மங்கலங்கிழாரின் பல்லாண்டுப் பணியே காரணம். திருத்தணியைச் சேர்ந்த வழக்கறிஞர் கே. விநாயகம் களப்பணியில் முன்னின்றார்.

தலைநகர்ச் சிக்கல்

தனி ஆந்திர மாநிலம் கோரி 1952 ஆம் ஆண்டு அக்டோபர் 19 அன்று மயிலாப்பூரில் உண்ணாநோன்பைத் தொடங்கிய பொட்டி சிறீராமுலு, டிசம்பர் 15 அன்று உயிர்துறந்தார். அதைத் தொடர்ந்து ஆந்திரப் பகுதிகளில் கலவரம் மூண்டது. சில நாட்களிலேயே ஆந்திர மாநிலம் அமைக்கப்படும் என்று நேரு அறிவித்தார். சென்னை நகரம் ஆந்திராவுக்கு உரியது என்றும், குறைந்தது இரு மாநிலங்களுக்கும் பொதுவாக இருக்க வேண்டும் என்றும் ஆந்திரத் தலைவர்கள் கோரினர். புதிய மாநிலம் அமைவதன் விளைவுகளை ஆராய்ந்த நீதியரசர் வாஞ்சு, ஆந்திராவின் தலைநகர் தற்காலிகமாகச் சென்னையில் இயங்கலாம் என்று பரிந்துரைத்தார்.

இதனை ம. பொ. சி. தம் வாழ்நாளின் மிகப் பெரிய நெருக்கடியாகக் கருதினார். வேங்கடத்தைக் கேட்டுப் புறப்பட்டவர் சென்னையையே காக்க வேண்டிய நிலைக்குத் தள்ளப்பட்டார். சென்னை மாநகராட்சியில் ஆல்டர்மேனாக இருந்த இவர், சென்னை தமிழருக்கே உரியது என்ற தீர்மானம் மாநகராட்சியில் நிறைவேறப் பாடுபட்டார். பொதுக்கூட்டங்கள் இடைவிடாது நடத்தப்பட்டன. முதலமைச்சராக இருந்த இராஜாஜியும் ஆந்திராவின் தற்காலிகத் தலைநகர் சென்னையில் அமைவதை உறுதியாக எதிர்த்தார். 1953 ஆம் ஆண்டு மார்ச் 25 அன்று, ஆந்திராவின் தலைநகர் அதன் எல்லைக்குள்ளேயே அமையும் என்று நேரு அறிவித்ததும் இச்சிக்கல் தீர்ந்தது. 1953 அக்டோபர் 1 அன்று கர்நூலைத் தலைநகராகக் கொண்டு ஆந்திர மாநிலம் உருவானது.

சென்னை காப்பாற்றப்பட்ட மகிழ்ச்சியில் தமிழ்நாட்டில் பலர் கவனிக்காத செய்தி ஒன்று உண்டு. சித்தூர் மாவட்டம் முழுவதும் புதிய மாநிலத்துடன் சேர்க்கப்பட்டது. வேங்கடத்தோடு தணிகையும் சென்றுவிட்டது.

திருத்தணிப் போராட்டம்

சித்தூர், புத்தூர், திருத்தணி, காளத்தி, சந்திரகிரி உள்ளிட்ட வட்டங்களின் மீது உரிமை கோரித் தமிழரசுக் கழகம் 1953 ஆம் ஆண்டில் நேரடிப் போராட்டத்தில் இறங்கியது. திருத்தணி அதன் மையமாக ஆயிற்று. தடையை மீறிக் கூட்டங்கள் நடத்தப்பட்டன. கடையடைப்புகளும் தொடர்வண்டி மறியல்களும் நடைபெற்றன. தொண்டர்கள் கூட்டம் கூட்டமாகச் சிறை சென்றனர். ம. பொ. சி. திருத்தணியில் கைது செய்யப்பட்டார். சிறை சென்ற தொண்டர்களுள் உயிரிழந்தவர்களும் உண்டு. எல்லைத் தகராறுகளை ஆராய்ந்து தீர்க்க வழி செய்யப்படும் என்ற உறுதி கிடைத்த பிறகே கிளர்ச்சி தணிந்தது. மங்கலங்கிழார் அதே ஆண்டில் காலமானார். போராட்டத்தின் முடிவை அவர் காணவில்லை.

எல்லைக் கோரிக்கைக்கு உணர்ச்சியைத் தவிர நடைமுறைக் காரணம் ஒன்றும் இருந்தது. நகரி மலைகளிலிருந்து இறங்கும் நகரியாறு கொசத்தலையாற்றில் கலக்கிறது. அந்தக் கொசத்தலையாற்றின் குறுக்கே 1944 ஆம் ஆண்டில் கட்டி முடிக்கப்பட்ட பூண்டி நீர்த்தேக்கமே சென்னையின் குடிநீருக்கு முதன்மையான ஆதாரங்களுள் ஒன்றாக இருந்தது. மலைகள் எந்த மாநிலத்தில் இருக்கின்றன என்பது கோவில்களின் கேள்வி மட்டும் அன்று.

இப்போராட்டம் ம. பொ. சி.யைக் காங்கிரசிலிருந்து மேலும் விலக்கியது. தமிழரசுக் கழகத்தைக் கைவிட மறுத்த இவர் 1954 ஆம் ஆண்டில் அக்கட்சியிலிருந்து வெளியேற நேர்ந்தது. அதன் பொருட்டுப் பலமுறை சிறை சென்றவருக்கு இது எளிய பிரிவாக இருந்திருக்க முடியாது.

படாஸ்கர் தீர்ப்பும் திருத்தணி இணைப்பும்

1956 ஆம் ஆண்டில் மாநிலங்கள் மறுசீரமைக்கப்பட்டபோதும் வடக்கெல்லைச் சிக்கல் தீர்க்கப்படாமலேயே இருந்தது. பின்னர் இரு மாநிலங்களுக்கும் இடையே நடுவராக எச். வி. படாஸ்கர் நியமிக்கப்பட்டார். சிற்றூரை அலகாகக் கொள்வது, அங்குப் பெரும்பான்மையினர் பேசும் மொழியை மக்கள்தொகைக் கணக்கெடுப்பைக் கொண்டு அறிவது, நிலத் தொடர்ச்சி உள்ள ஊர்களை மட்டுமே மாற்றுவது ஆகியவை அவர் கைக்கொண்ட அளவுகோல்கள்.

இந்த அளவுகோல்களுக்குள் வேங்கடத்துக்கு இடமில்லை. தொல்காப்பியப் பாயிரம் கணக்கெடுப்பு அட்டவணையில் சேராது. திருப்பதியைச் சூழ்ந்த ஊர்களில் தெலுங்கு பேசுவோரே மிகுதியாக இருந்தனர். தமிழ் பேசும் ஊர்கள் இருந்த இடங்களிலும் அவை சென்னை மாநில எல்லையோடு தொடர்ச்சியாக அமையவில்லை. அதே அளவுகோல்கள் திருத்தணிக்குச் சாதகமாக அமைந்தன. நடுவரின் பரிந்துரை அடிப்படையில் ஆந்திரப் பிரதேச - சென்னை எல்லை மாற்றச் சட்டம் 1959 ஆம் ஆண்டில் நாடாளுமன்றத்தில் நிறைவேறி, 1960 ஏப்ரல் 1 அன்று நடைமுறைக்கு வந்தது. திருத்தணி வட்டத்தின் பெரும்பகுதியும் பள்ளிப்பட்டுப் பகுதியும் சென்னை மாநிலத்தின் செங்கல்பட்டு மாவட்டத்துடன் இணைந்தன. அதற்கு ஈடாகச் செங்கல்பட்டு, சேலம் மாவட்டங்களிலிருந்து தெலுங்கு பேசும் ஊர்கள் ஆந்திரப் பிரதேசத்துக்குச் சென்றன. சத்தியவேடு பகுதி அவ்வாறு சென்றதே.

இம்முடிவைப் பற்றி இருவேறு மதிப்பீடுகள் உள்ளன. கேட்டதில் சிறுபகுதியே கிடைத்ததால் இதனைத் தோல்வி என்பர் சிலர். சித்தூர் மாவட்டம் முழுவதும் சட்டப்படி கைமாறிய பிறகு, அதில் ஒரு வட்டத்தை மீட்பதே அரிது என்பர் வேறு சிலர். ம. பொ. சி. இரண்டையும் ஏற்றுக்கொண்டவராகவே காணப்படுகிறார். திருத்தணி இணைப்பை வெற்றியாகக் கொண்டாடிய இவர், வேங்கடத்தை இழந்ததைத் தம் நூல்களில் குறிப்பிடத் தவறவில்லை. அடிகளாரின் பாடல்களில் தோய்ந்த இவருக்குத் தணிகை வேறொரு வகையிலும் நெருக்கமானது. சென்னையில் வாழ்ந்த காலத்தில் இராமலிங்க அடிகள் தணிகை முருகனை முன்னிறுத்திப் பல பதிகங்களைப் பாடியுள்ளார்.

தென்னெல்லை மலைகள்

தமிழரசுக் கழகம் தென்னெல்லையிலும் கவனம் செலுத்தியது. திருவிதாங்கூர்த் தமிழர்களின் போராட்டத்தை அங்கு மார்ஷல் நேசமணி தலைமை தாங்கி நடத்தினார். 1956 நவம்பர் 1 அன்று கன்னியாகுமரி மாவட்டமும் செங்கோட்டையின் ஒரு பகுதியும் சென்னை மாநிலத்துடன் இணைந்தன. தமிழ்த் தோட்டத் தொழிலாளர்கள் மிகுந்திருந்த தேவிகுளம், பீர்மேடு ஆகிய மலை வட்டங்கள் கேரளத்திலேயே நின்றுவிட்டன. தென்னிந்தியாவின் மிக உயர்ந்த சிகரமான 2,695 மீட்டர் உயரமுடைய ஆனைமுடி தேவிகுளம் வட்டத்தில்தான் உள்ளது. அதனால் தமிழ்நாட்டின் மிக உயர்ந்த சிகரம் என்னும் இடம் நீலகிரியில் உள்ள தொட்டபெட்டாவுக்கு உரியதாயிற்று. பாயிரம் கூறும் இரண்டு எல்லைகளுள் தெற்கெல்லை கிடைத்தது, வடக்கெல்லை கிடைக்கவில்லை.

பிற்கால அரசியல்

மாநிலத்துக்குத் தமிழ்நாடு என்று பெயரிட வேண்டும் என்ற கோரிக்கையைத் தமிழரசுக் கழகம் தொடர்ந்து முன்வைத்தது. 1967 ஆம் ஆண்டுத் தேர்தலில் திராவிட முன்னேற்றக் கழக அணியில் தியாகராய நகர்த் தொகுதியில் போட்டியிட்டு ம. பொ. சி. சட்டமன்ற உறுப்பினரானார். ஒரு காலத்தில் திராவிட இயக்கத்தை எதிர்த்து மாநாடு நடத்தியவர் அவ்வணியில் சேர்ந்தது விமர்சனத்துக்கு உள்ளானது. 1967 ஜூலை 18 அன்று பெயர் மாற்றத் தீர்மானம் சட்டமன்றத்தில் நிறைவேறியபோது இவர் உறுப்பினராக அவையில் இருந்தார். 1969 ஜனவரி 14 முதல் மாநிலம் தமிழ்நாடு எனப் பெயர் பெற்றது. இராஜாஜி 1953 இல் கொண்டுவந்த தொடக்கக் கல்வித் திட்டத்தை ஆதரித்ததும் இவர் மீது இன்றுவரை வைக்கப்படும் குறைகளுள் ஒன்று. பின்னர்ச் சட்ட மேலவையின் தலைவராகப் பொறுப்பேற்று, 1986 ஆம் ஆண்டில் மேலவை கலைக்கப்படும் வரை அப்பதவியில் இருந்தார்.

எழுத்துப்பணி

தமிழ் முரசு, செங்கோல் ஆகிய இதழ்களை இவர் நடத்தினார். நூற்றுக்கும் மேற்பட்ட நூல்களை எழுதியுள்ளார். வ. உ. சிதம்பரம் பிள்ளை ஏறக்குறைய மறக்கப்பட்டிருந்த காலத்தில் இவர் எழுதிய கப்பலோட்டிய தமிழன் என்னும் வரலாற்று நூல், அப்பெயரையே அவருக்கு நிலையான அடைமொழி ஆக்கிவிட்டது. பி. ஆர். பந்துலு இயக்கத்தில் 1961 ஆம் ஆண்டில் வெளிவந்த அதே பெயருடைய திரைப்படத்துக்கு இந்நூலே அடிப்படை. கட்டபொம்மனைப் பற்றியும் நூல் எழுதிய இவர், 1959 ஆம் ஆண்டில் வெளியான வீரபாண்டிய கட்டபொம்மன் திரைப்படத்தின் கதை ஆய்வுக் குழுவிலும் பங்கேற்றார்.

வள்ளலார் கண்ட ஒருமைப்பாடு என்னும் நூலுக்காக 1966 ஆம் ஆண்டு சாகித்திய அகாதமி விருது பெற்றார். எனது போராட்டம் என்னும் தன்வரலாறும் விடுதலைப் போரில் தமிழகம் என்னும் நூலும் அக்கால அரசியலை அறிய விரும்புவோர்க்கு இன்றும் பயன்படுபவை. எல்லைப் போராட்டத்தின் நிகழ்வுகளைப் புதிய தமிழகம் படைத்த வரலாறு என்னும் நூலில் தொகுத்துள்ளார். தாமே பங்கேற்ற போராட்டத்தைத் தாமே எழுதியதால் தம் பங்கு சற்று மிகைப்படுவது இந்நூலில் இயல்பு. ஆயினும் ஊர்ப்பெயர்களும் தொண்டர் பெயர்களும் நிரம்பிய இத்தகைய பதிவு வேறு எங்கும் எளிதில் கிடைப்பதில்லை.

சிலப்பதிகாரத்தைப் பற்றி இவர் எழுதிய நூல்களைக் காட்டிலும் நிகழ்த்திய சொற்பொழிவுகளே மிகுதியானோரைச் சென்றடைந்தன. தமிழரசுக் கழகம் ஆண்டுதோறும் சிலப்பதிகார விழா எடுத்தது. சிலம்புச் செல்வர் என்னும் பட்டத்தை இவருக்கு வழங்கியவர் தமிழறிஞர் ரா. பி. சேதுப்பிள்ளை. 1972 ஆம் ஆண்டில் இந்திய அரசு பத்மசிறீ விருது வழங்கியது.

மறைவும் பின்னரும்

1995 ஆம் ஆண்டு அக்டோபர் 3 அன்று தமது 89 ஆம் வயதில் ம. பொ. சி. சென்னையில் காலமானார். 2006 ஆம் ஆண்டில், இவரது நூற்றாண்டையொட்டி, இந்திய அஞ்சல் துறை இவரது உருவம் பொறித்த அஞ்சல் தலையை வெளியிட்டது. தமிழ்நாடு அரசு இவரது நூல்களை நாட்டுடைமை ஆக்கியது.

திருத்தணி 1997 ஜனவரி 1 முதல் புதிதாக அமைந்த திருவள்ளூர் மாவட்டத்தில் சேர்க்கப்பட்டது. ஆந்திரப் பிரதேசத்தில் 2022 ஏப்ரலில் சித்தூர் மாவட்டம் பிரிக்கப்பட்டபோது, திருமலை புதிய திருப்பதி மாவட்டத்துக்குள் வந்தது. நகரி, சித்தூர் மாவட்டத்திலேயே உள்ளது. திருத்தணியிலிருந்து வடக்கே செல்லும் தொடர்வண்டி பொன்பாடியைக் கடந்த சிறிது நேரத்தில் மாநில எல்லையைத் தாண்டிவிடும். பள்ளிப்பட்டு வட்டாரத்தில் தெலுங்கு பேசுவோர் இன்றும் மிகுதி. எல்லைக்கு அப்பால் நகரி, சத்தியவேடு பகுதிகளில் தமிழ் பேசும் குடும்பங்கள் இன்றும் வாழ்கின்றன. ஆடிக் கிருத்திகைக்கு அங்கிருந்தெல்லாம் காவடிகள் தணிகை மலைக்கு வருகின்றன.